குரலுக்கு யார் பெயர்?

தமிழ் சினிமாவில் முகத்தின் அரசியல் பற்றி நிறையவே எழுதிவிட்டோம். கட்அவுட், ரசிகர் மன்றம், கோட்டை நாற்காலி எல்லாம் அலசியாகிவிட்டது. குரல் என்ன ஆயிற்று? இன்னொரு வாயசைவுக்குத் தன் மூச்சைக் கொடுக்கிறவரை நம் விமர்சனம் தொழிலாளியாகக்கூடப் பார்த்ததில்லை. இதைப் பேச ரோபோ சங்கரின் வாழ்க்கை உதவும் என்று நினைக்கிறேன்.

மதுரைக்காரர். ஊர் மேடைகளில் உடம்பெல்லாம் உலோக நிறச் சாயம் பூசி இயந்திர மனிதனாக ஆடியதில் ஒட்டிக்கொண்ட பெயர்தான் ‘ரோபோ’. எங்கள் சிறுவாச்சூர்ப் பக்கத்துத் திருவிழாக்களிலும் இந்த மாதிரி மேடைகள் உண்டு. அங்கே ஏறுகிறவன் தன் முகத்தோடு வருவதில்லை. நட்சத்திரத்தின் குரலையோ இயந்திரத்தின் உடலையோ கடன் வாங்கிக்கொண்டுதான் வருகிறான். விஜய் டிவியின் ‘கலக்கப் போவது யாரு’ சங்கரை வீடுகளுக்குள் கொண்டுவந்தது. அப்புறம் ‘மாரி’ (2015), ‘விஸ்வாசம்’ (2019) என்று துணைப் பாத்திரங்கள். 2019-ல் டிஸ்னியின் ‘தி லயன் கிங்’ தமிழுக்கு வந்தபோது காட்டுப்பன்றி பும்பாவுக்குப் பேசினார். 2024-ல் ‘முஃபாசா’விலும் அவரே. 2025 செப்டம்பர் 18 அன்று, 46 வயதில் காலமானார்.

டப்பிங் என்பது வசனத்தை ஒப்பிப்பதல்ல. காதில் மூலக் குரல் ஓடும்; எதிரே திரையில் படம். அங்கே உதடு மூடும் இடத்தில் இங்கே ‘ப’வோ ‘ம’வோ விழ வேண்டும். மூச்சிரைப்பு, ஏப்பம், சிரிப்பு எல்லாம் தனித்தனியாகத் தர வேண்டும். எதிரில் சக நடிகர் இருக்கமாட்டார். முகம் தெரியாத இந்த நடிப்புக்கு முழு உடம்பும் வேலை செய்கிறது.

யாருக்கு எந்தக் குரல் என்பதும் அப்பாவித்தனமான தேர்வல்ல. அதே 2019 படத்தில் ராஜ வம்சத்துச் சிங்கங்களான சிம்பாவுக்கு சித்தார்த், ஸ்காருக்கு அரவிந்த் சாமி. பன்றிக்கு ரோபோ சங்கர், அதன் கூட்டாளி டிமோனுக்கு சிங்கம்புலி. கதாநாயகக் குரல் அரியணைக்கு, மேடைக் குரல் சேற்றுக்கு! நம்ம தெருக்கூத்தில் ராஜா ஒரு தமிழும் கட்டியங்காரன் இன்னொரு தமிழும் பேசுவது நினைவுக்கு வரலாம். ஆனால் கட்டியங்காரன் ராஜாவையே கிண்டல் பண்ணுவான். பேச்சுத்தமிழுக்கு அந்த அதிகாரத்தை டப்பிங் பிரதி தருகிறதா, வெறும் சிரிப்புக்கு மட்டும் வைத்துக்கொள்கிறதா என்பதுதான் கேள்வி.

இன்னொரு பக்கமும் இருக்கிறது. சங்கரின் பெயர் விளம்பரத்தில் வந்ததென்றால், அது ஏற்கெனவே விலைபோன முகத்தின் பெயர் என்பதால்தான். 2007-ல் தொடங்கிய சுட்டி டிவியில் குழந்தைகள் தினமும் கேட்டு வளர்ந்த குரல்களில் எத்தனை பேரின் பெயர் நமக்குத் தெரியும்? எம்.எஸ். பாஸ்கர் நெடுங்காலம் பின்னணிக் குரல் கொடுத்தவர். ‘பார்க்கிங்’ படத்துக்காக 2025-ல் அறிவிக்கப்பட்ட துணை நடிகர் தேசிய விருது அவருடைய முகத்துக்குக் கிடைத்தது. முந்தைய குரல் உழைப்பு அப்படியே கிடக்கிறது.

பக்ஸ் பன்னிக்குப் பேசிய மெல் பிளாங்க், 1940-களில் வார்னர் நிறுவனத்திடம் சம்பள உயர்வு கேட்டார். காசு தர மறுத்தவர்கள் திரையில் பெயரைப் போட்டார்கள். அந்தப் பெயரே அவருக்கு வெளியே வேலைகளைக் கொண்டுவந்தது. ஆக, பெயர் என்பது மரியாதை மட்டுமில்லை. கூலியின் ஒரு பகுதி. தமிழில் ஓடுகிற ஒவ்வொரு கார்ட்டூன் முடிவிலும் பேசியவர்களின் பட்டியல் ஓட வேண்டும் என்று கேட்பதற்குப் பெரிய கோட்பாடு எதுவும் தேவையில்லை. கேட்கத்தான் ஆளில்லை. எழுதுகிறவர்களும் சங்கத்தில் இருப்பவர்களும் இதைக் கையிலெடுக்கலாம்.