எலிசா நிரலும் சிந்திக்கும் இயந்திரம் குறித்த தொடக்ககால நம்பிக்கையும் அச்சமும்

முன்னுரை

இயந்திரம் சிந்திக்குமா என்னும் வினாவை ஆலன் டூரிங் 1950இல் வெளியிட்ட கட்டுரையில் முன்வைத்தார். 1956இல் டார்ட்மவுத் கல்லூரியில் நடைபெற்ற ஆய்வுக் கூடுகைக்குப்பின் செயற்கை நுண்ணறிவு தனித்துறையாக வளர்ந்தது. மனிதர் செய்யும் எப்பணியையும் இருபது ஆண்டுகளுக்குள் இயந்திரமும் செய்யும் என 1965இல் ஹெர்பர்ட் சைமன் எழுதினார். இத்தகைய நம்பிக்கையும் அதற்கு எதிரான அச்சமும் ஒரே நிரலைச் சுற்றி எழுந்ததை எலிசாவின் வரலாற்றில் காணலாம்.

நிரல் இயங்கிய முறை

மாசசூசெட்ஸ் தொழில்நுட்பக் கழகத்தின் ஜோசப் வைசன்பாம் எலிசாவை உருவாக்கி, 1966இல் அதனை விளக்கிக் கட்டுரை வெளியிட்டார். தட்டச்சு செய்யப்பட்ட ஆங்கிலத் தொடரில் குறிச்சொல்லைத் தேடி, தன்மையை முன்னிலையாக மாற்றி, அத்தொடரையே வினாவாகத் திருப்புவது இதன் செயல்முறை. தமிழில் சான்று காட்டின், ‘நான் வருத்தமாக இருக்கிறேன்’ என்பார்க்கு, ‘நீங்கள் எவ்வளவு நாளாக வருத்தமாக இருக்கிறீர்கள்?’ என மறுமொழி வரும். குறிச்சொல் கிடைக்காதபோது ‘மேலே சொல்லுங்கள்’ போன்ற பொதுத்தொடர் அமையும். இதன் புகழ்பெற்ற வடிவம் உளநல மருத்துவரின் பேச்சைப் பின்பற்றியது. நோயாளியின் சொல்லையே அவரிடம் திருப்பிக் கேட்கும் மருத்துவர் உலகறிவு எதையும் வெளிப்படுத்த வேண்டியதில்லை. ஆகவே நிரலின் அறியாமையும் வெளிப்படவில்லை.

இருவேறு எதிர்வினைகள்

நிரல் உருவானதை அருகிலிருந்து கண்ட வைசன்பாமின் செயலாளரே, அதனுடன் தனித்து உரையாட விரும்பி அவரை அறையைவிட்டு வெளியேறுமாறு கேட்டுக்கொண்டார். உளநல மருத்துவர் கென்னத் கோல்பியும் உடன் ஆய்வாளர்களும், இத்தகைய நிரல் ஒரு மணிநேரத்தில் பல நூறு நோயாளிகளைக் கையாளக்கூடும் என 1966இல் கருதினர். மருத்துவர் பற்றாக்குறைக்கு அவர்கள் கண்ட தீர்வு, வைசன்பாமுக்கு அதிர்ச்சியளித்தது. கணக்கிட்டு முடிவெடுத்தல் வேறு, மதிப்பீட்டுடன் தேர்ந்தெடுத்தல் வேறு என 1976இல் வெளியான தம் நூலில் அவர் பகுத்தார்; பின்னதை இயந்திரத்திடம் ஒப்படைக்கலாகாது என்றார். அந்நூல் அறவுரையாகவே அமைந்து ஆய்வுக்குத் தடையாகிறது என ஜான் மெக்கார்த்தி மறுத்தார்.

முடிவுரை

எலிசாவின் மறுமொழிக்குப் பொருளை அளித்தவர் அதனைப் படித்தவரே. எனவே, வைசன்பாமின் அச்சம் இயந்திரத்தின் அறிவு வளர்ச்சியைப் பற்றியதன்று. புரிதல் இல்லாத இடத்தில் புரிதலைக் காணும் மனித இயல்பைப் பற்றியது. இயந்திரத்தால் எது இயலும் என்பதோடு, எதை அதனிடம் ஒப்படைப்பது தகும் என்பதையும் அவர் ஆய்வு வினாவாக்கினார். முதல் வினாவிற்கான விடை தொழில்நுட்பத்தோடு மாறும். இரண்டாவதற்கு மனிதரே விடைகூற வேண்டும்.