அவதாரம்: அன்று ஆற்றில், இன்று திரையில்

மதுரைச் சித்திரைத் திருவிழாவில் அழகர் ஆற்றில் இறங்கிய மறுநாள் இரவு, வைகையின் வடகரையிலுள்ள ராமராயர் மண்டபத்தில் தசாவதாரக் காட்சி. பெயர் தசாவதாரம் என்றாலும் பத்தையும் காட்டுவதில்லை. முத்தங்கியில் தொடங்கி மச்சம், கூர்மம், வாமனன், ராமன், கண்ணன் என்று கோலம் மாறி மாறி வந்து மோகினியில் முடியும்போது விடிந்துகொண்டிருக்கும். உற்சவர் ஒருவரே. பட்டர்கள் ஒரு கோலத்தைக் கலைத்து மறு கோலத்தைக் கட்டி முடிக்க நேரம் பிடிக்கும். வெளியே மக்கள் காத்திருப்பார்கள்; குழந்தையை மடி மாற்றிப் போட்டுக்கொள்வார்கள்; பாதிப் பேர் உட்கார்ந்த வாக்கிலேயே கண்ணயர்ந்து, மேளம் கேட்டு எழுந்து கும்பிடுவார்கள். அந்தக் காத்திருப்பும் சேர்ந்ததுதான் அவதாரம் என்று வைகைக் கரையில் பல தலைமுறைகள் அறிந்திருக்கின்றன.

அதே கூட்டத்தில் நிற்கும் பையனின் கைப்பேசியிலும் அந்தச் சொல் இருக்கிறது. வாட்ஸ்அப் 2022 டிசம்பரில் ‘அவதார்’ வசதியைக் கொண்டுவந்தது. முகத்தின் வடிவம், முடி, கண்ணாடி, சட்டை ஆகியவற்றைத் தேர்ந்தெடுத்தால் சில நிமிடங்களில் அவனைப் போன்ற ஒரு பொம்மை உருவம் கிடைத்துவிடும். பிடிக்கவில்லையென்றால் மாற்றிக்கொள்ளலாம். யாரும் விடியும்வரை காத்திருக்க வேண்டியதில்லை.

சொல் வடமொழியிலிருந்து வந்தது. கீழே இறங்கி வருதல் என்பது அதன் வேர்ப்பொருள். மதுரைக்காரர்களுக்கு அந்த வேரைத் தனியாகச் சொல்லித்தர வேண்டிய தேவை இருந்ததில்லை. அழகர் மலையிலிருந்து இறங்கி, சுமார் இருபது கிலோமீட்டர் வந்து, ஆற்றிலும் இறங்குகிறார். வீட்டில் இருக்கும் கிழவி கேட்பதும் “அழகர் எறங்கிட்டாரா?” என்பதுதான்; வந்துவிட்டாரா என்று கேட்பதில்லை. வைணவ ஆசாரியர்கள் இறைவனின் நிலைகளைப் பரம், வியூகம், விபவம், அந்தர்யாமி, அர்ச்சை என ஐந்தாகப் பிரித்தார்கள். ராமனும் கண்ணனும் விபவம். கோயிலில் நிற்கும் திருமேனி அர்ச்சாவதாரம். அதுவும் ஒரு இறக்கம். அந்த ஐந்தில் அர்ச்சையே எல்லோருக்கும் எட்டக்கூடியது என்று அவர்கள் கொண்டாடினார்கள், ஏனென்றால் அங்கே இறைவன் தன் குளியலுக்கும் உணவுக்கும் உடைக்கும் அர்ச்சகரின் கையை எதிர்பார்த்து நிற்கிறான். கண்ணன் உரலில் கட்டுண்டு கிடந்ததை நினைத்த மாத்திரத்தில் நம்மாழ்வார் ஆறு மாதம் மயங்கிக் கிடந்தார் என்று சொல்வது வழக்கம். பெரியது சிறியதாகிறது, கட்டுப்படுகிறது, வலிக்க ஒப்புக்கொள்கிறது. பழைய அவதாரத்தின் வியப்பு அங்கேதான் இருந்தது.

அழகரின் இறக்கத்துக்கும் ஒரு வரலாறு உண்டு. முன்பு அவர் வைகையில் இறங்கிய இடம் மதுரைக்கு மேற்கே உள்ள தேனூர். 17-ம் நூற்றாண்டில் ஆண்ட திருமலை நாயக்கர் அந்த விழாவை மதுரைக்கு மாற்றி, மீனாட்சி திருக்கல்யாணத்தோடு சேர்த்தார் என்பார்கள். வண்டியூர்ப் பக்கம் ஆற்றுக்குள் இருக்கும் தேனூர் மண்டபம் பழைய ஊரின் பெயரை இன்னும் வைத்திருக்கிறது. தவளையாகிக் கிடந்த மண்டூக முனிவருக்கு அழகர் மோட்சம் கொடுப்பது அங்கேதான். புராணம் முனிவருக்காக வந்தார் என்று சொல்கிறது. மக்களோ தங்கச்சி மீனாட்சியின் கல்யாணத்துக்கு வந்தார், வருவதற்குள் தாலி கட்டி முடிந்தது, கோபித்துக்கொண்டு திரும்பினார் என்கிறார்கள். இந்த இரண்டு கதைகளுக்கும் இடையே உள்ள தூரத்தைத் தொ.பரமசிவன் தம் ‘அழகர் கோயில்’ ஆய்வில் அளந்து காட்டினார். மதுரை காமராசர் பல்கலைக்கழகம் அதை 1989-ல் நூலாக வெளியிட்டது. எனக்கு மக்கள் கதையே அவதாரம் என்ற சொல்லுக்கு அருகில் இருப்பதாகப் படுகிறது. நேரத்துக்கு வந்து சேர முடியாத கடவுளைவிடக் கீழே இறங்கிய கடவுள் வேறு யார்?

ஆறும் மாறியிருக்கிறது. ஒருகாலத்தில் சித்திரையில் வைகையில் ஓடியது மழையும் மலையும் விட்டுவைத்த நீர். 1959-ல் ஆண்டிபட்டிக்கு அருகே வைகை அணை வந்தபின், அழகர் இறங்குவதற்கென்று மதகு திறந்து தண்ணீர் விடுகிறார்கள். மணல் பரந்திருந்த கரைகளில் இன்று சுவரும் சாலையும். பச்சைப் பட்டு உடுத்தி இறங்கினால் விளைச்சல் நன்றாக இருக்கும் என்ற நம்பிக்கை மட்டும் நகரத்துக்குள்ளேயே வயல் இருந்த நாளில் இருந்தபடி இருக்கிறது.

இனி அந்தச் சொல் கடல் கடந்த கதை. அமெரிக்காவின் இல்லினாய்ஸ் பல்கலைக்கழகத்தில் பிளேட்டோ என்ற கணினி வலையமைப்பு இருந்தது. அதில் 1979-ல் பலர் சேர்ந்து ஆடும் ஒரு விளையாட்டுக்கு ‘அவதார்’ என்று பெயர் வைத்தார்கள். 1985-ல் ரிச்சர்ட் கேரியட் உருவாக்கிய ‘அல்டிமா 4’ விளையாட்டில் ஆடுபவர் கொல்லவேண்டிய இறுதிப் பகைவன் என்று யாரும் இல்லை. வாய்மை, இரக்கம், தியாகம், பணிவு முதலான எட்டு நற்குணங்களில் தேறினால் அவர் ‘அவதார்’ ஆவார். அப்போதே சொல் திசை மாறிவிட்டதைக் கவனிக்கலாம். மேலிருந்து இறங்கி வந்தவனுக்கு இருந்த பெயர், கீழிருந்து ஏறிப் போகிறவனுக்கு வந்தது. மறு ஆண்டு லூகாஸ்ஃபிலிம் கேம்ஸின் சிப் மார்னிங்ஸ்டாரும் ரேண்டி ஃபார்மரும் ‘ஹேபிடட்’ என்ற கூட்டு உலகத்தைக் கொமடோர் 64 கணினிகளுக்காகத் தொலைபேசிக் கம்பி வழியே இயக்கிப் பார்த்தார்கள். அதில் திரையில் நடமாடும் ஆளுருவுக்கு அவதார் என்று பெயர். அந்த உருவம் தன் தலையைக் கழற்றிவிட்டு வேறு தலையை மாட்டிக்கொள்ளலாம். 1992-ல் நீல் ஸ்டீஃபன்சனின் ‘ஸ்னோ கிராஷ்’ நாவல் சொல்லைப் பரவலாக்கியது. 2004-ல் கிராவட்டார் என்ற சேவை வந்தபின், ஒரு மின்னஞ்சல் முகவரிக்கு ஒரு படம் என்று வைத்து, இணையத்தில் அந்த ஆள் போகும் இடமெல்லாம் அந்தப் படம் கூடவே போனது. கோயில் கருவறையிலிருந்து கட்டைவிரல் நகத்தளவு சதுரத்துக்கு ஒரு சொல் வந்து சேர இருபத்தைந்து ஆண்டுகள் ஆயின.

தொலைக்காட்சியிலும் அவதாரத்துக்கு இரண்டு காலங்கள் உண்டு. 1987-88-ல் தூர்தர்ஷனில் ராமானந்த் சாகரின் ராமாயணம் ஞாயிறு காலைகளில் ஓடியது. மதுரைச் சமவெளிக்கு அது கொடைக்கானல் மலையின் ஒளிபரப்புக் கோபுரம் வழியே இறங்கி வந்தது. தொலைக்காட்சிப் பெட்டி இருக்கும் வீட்டில் தெருவே கூடும். இந்தி புரியாது, கதை தெரியும், அது போதும். பெட்டிக்கு மாலை போட்டுக் கற்பூரம் காட்டிய வீடுகள் நாடெங்கும் இருந்தன. ஒரு நடிகரின் முகம் வழியே ராமன் வீட்டுக்குள் இறங்கியதாகவே அவர்கள் எடுத்துக்கொண்டார்கள்.

பிறகு வந்த அமெரிக்க அறிபுனைத் தொடர்களில் இறங்குவது கடவுள் இல்லை. 2000 முதல் 2005 வரை வந்த ‘ஆண்ட்ரோமெடா’வில் ஒரு விண்கலத்தின் செயற்கை அறிவே பாத்திரம். திரையில் முகமாக, ஒளியால் ஆன உருவமாக, ரோமி என்ற பெண் உடலாக அது மூன்று நிலைகளில் தோன்றும்; மூன்றும் சில வேளை தமக்குள்ளே வாதாடும். ஐந்து நிலை பேசிய நம் ஆசாரியர்கள் அதைப் பார்த்துத் திகைத்திருக்க மாட்டார்கள் என்று நினைக்கிறேன். என்னை அதிகம் பாதித்தது 2010-ல் ஒரே பருவத்தோடு நின்றுபோன ‘கேப்ரிகா’. ஸோயி என்ற சிறுமி குண்டுவெடிப்பில் சாகிறாள். சாகுமுன் அவள் தன்னைப் போலவே ஒரு கணினி உருவை உண்டாக்கி வைத்திருக்கிறாள். தொழில்நுட்ப நிறுவனம் நடத்தும் தந்தை அதைக் கண்டுபிடிக்கிறார். மகளின் அந்த அவதாரை ஓர் இயந்திரப் படைவீரனின் உடலுக்குள் இறக்குகிறார். அந்தத் தந்தையின் துக்கம் உண்மையானது. ஆனால் அவர் கேட்பது, இறங்கி வந்தவர் திரும்பிப் போகவே கூடாது என்பதை. பழைய அவதாரம் அப்படி இல்லை. ராமன் சரயுவில் இறங்கி மறைந்தான். கண்ணனை ஒரு வேடனின் அம்பு முடித்தது. அழகரும் பூப்பல்லக்கில் ஏறி மலைக்குத் திரும்பிவிடுவார். போய்விடுவார் என்று தெரிந்துதான் மக்கள் விழித்திருந்தார்கள்.

புதிய அவதாரால் கிடைத்ததைக் குறைத்துச் சொல்லக்கூடாது. அன்று உருவம் மாற்றும் உரிமை கடவுளுக்கும், மேடையேறும் கூத்துக்காரருக்கும், நேர்ந்துகொண்ட பக்தருக்கும் மட்டுமே இருந்தது. இன்று படுக்கையை விட்டு எழ முடியாத ஒருவர் திரையுலகில் ஓடலாம். முகத்தைக் காட்ட அஞ்சும் பெண் தன் ஊர், சாதி, நிறம் எதுவும் தெரியாத இடத்தில் தன் கருத்தைச் சொல்லலாம். பிறப்பு ஒட்டிவைத்த அடையாளத்தைச் சிறிது நேரமாவது கழற்றி வைப்பது இந்த நாட்டில் சிறிய விடுதலை இல்லை. இழப்பு வேறு இடத்தில். உரு எடுத்தவன் அந்த உருவுக்குரிய வெயிலையும் தாகத்தையும் ஏற்க வேண்டும் என்ற நிபந்தனை போய்விட்டது. திரையின் உருவம் அடிபட்டால் வலி இல்லை. வசை பேசினால் வெட்கம் இல்லை. ஒன்றை அழித்துவிட்டு இன்னொன்றைத் தொடங்கலாம்.

இரண்டு காலத்துக்கும் நடுவே நிற்பவர்கள் கள்ளழகர் வேடம் போடுகிறவர்கள். நேர்ந்துகொண்டு, விரதம் இருந்து, சல்லடமும் உருமாலும் கட்டி, தோளில் ஆட்டுத்தோல் பை தொங்க, திரி எடுத்து ஆடுவார்கள். அந்தத் தோல் துருத்தியிலிருந்து அழகர் மேல் தண்ணீர் பீய்ச்சுவார்கள். கடவுளின் உடையில் நின்று கடவுளையே குளிர்விக்கிறார்கள். தோல் பையைப் பதப்படுத்தி, கசியாமல் கட்டி, குழாயின் முனையில் விரலால் அழுத்தம் கொடுத்துப் பீய்ச்சுவது கைப்பழக்கத்தில் வருவது. அண்மை ஆண்டுகளில் சிலர் விசைப் பம்பைக் கொண்டுவந்தார்கள். திருமேனிக்கும் கூட்டத்துக்கும் ஆகாது என்று அதற்குத் தடை விதித்தார்கள். சரியான தடை. வாயால் காற்றூதி நிரப்பி, சுமந்து, கையால் பீய்ச்சும்போது மனிதன் அந்த வேடத்துக்குத் தன் மூச்சைக் கொடுக்கிறான்.

2020-ல் பெருந்தொற்று வந்தது. மீனாட்சி திருக்கல்யாணத்தைச் சில பட்டர்கள் மட்டும் நடத்த, ஊர் இணையத்தில் பார்த்தது. அழகர் அந்த ஆண்டும் அடுத்த ஆண்டும் வைகைக்கு வரவில்லை. 2021-ல் அழகர்கோவில் வளாகத்துக்குள்ளேயே செயற்கையாக ஒரு வைகையை அமைத்து அதில் எழுந்தருளச் செய்தார்கள். திரையில் பார்த்தவர்கள் கைகூப்பினார்கள். திரை இல்லையென்றால் அதுவும் இருந்திருக்காது. இருந்தாலும் 2022-ல் மீண்டும் ஆற்றில் இறங்கியபோது மக்கள் அலையலையாக வந்தார்கள். கைப்பேசியில் நேரலை அந்த ஆண்டும் ஓடிக்கொண்டுதான் இருந்தது.

பெயர்களைப் பற்றியும் சொல்ல வேண்டும். பஞ்சாபில் அவதார் சிங் என்று மனிதருக்கே பெயர் உண்டு. மேலூர், அலங்காநல்லூர், வாடிப்பட்டிப் பக்கத்தில் இறங்கி வந்தவரின் பெயரை எடுத்துக்கொண்டார்கள்: அழகர்சாமி, அழகுமலை, சோலைமலை, சுந்தரராஜன், அழகம்மாள். ஒரு வகுப்பில் மூன்று அழகர்சாமி இருந்தால் தகப்பன் பெயரின் முதலெழுத்தால் பிரித்துக் கூப்பிட்ட காலம் உண்டு. இன்றைய பள்ளி வருகைப் பதிவேட்டில் அந்தப் பெயர்கள் அரிது. ஷ்-ஷும் ஸ்ரீ-யும் கலந்த சிறு பெயர்கள் வந்துவிட்டன. ஆனால் பாஸ்போர்ட் விண்ணப்பம் குடும்பப் பெயரைக் கேட்கிறது. நம்மிடம் அது கிடையாது. எனவே தகப்பன் பெயரை அந்தக் கட்டத்தில் எழுதுகிறார்கள். மேலூரிலிருந்து மென்பொருள் வேலைக்கு வெளிநாடு போன இளைஞனை அங்கே எல்லோரும் ‘மிஸ்டர் அழகர்சாமி’ என்று அவன் அப்பாவின் பெயரால் அழைக்கிறார்கள். அலுவலக உரையாடல் செயலியில் அவன் தேர்ந்தெடுத்த கேலிச்சித்திர அவதாருக்குப் பக்கத்தில் அந்தப் பெயர்தான் இருக்கிறது. ஊரில் கூச்சத்தோடு முதலெழுத்தாகச் சுருக்கி வைத்திருந்த பெயரை அங்கே அவன் நாள்தோறும் முழுதாக எழுத்துக்கூட்டிச் சொல்லிக்கொடுக்கிறான்.