இன்கா பாதையில் சுமப்பவர்கள்: அன்றும் இன்றும்

பெரு நாட்டில் குஸ்கோவிலிருந்து இன்கா நகரமான மச்சு பிச்சு பக்கம் போகும் ரயில் தடத்தில் 82-ஆவது கிலோமீட்டரில் பிஸ்காகுச்சோ என்ற சிற்றூர் இருக்கிறது. நான்கு நாள் இன்கா பாதை நடை தொடங்குவது அங்கேதான். உருபாம்பா ஆற்றின் மேல் ஒரு பாலம், பக்கத்தில் ஒரு சோதனைச் சாவடி. பயணிகள் பாஸ்போர்ட்டைக் காட்டிவிட்டுப் பெயர்ப்பலகைக்கு அடியில் நின்று படம் எடுத்துக்கொள்வார்கள். அருகிலேயே இன்னொரு வரிசை நிற்கும். கூடாரம், கேஸ் சிலிண்டர், மடக்கு நாற்காலி, சமையல் பாத்திரம், நான்கு நாளைக்கான காய்கறி, முட்டை எல்லாவற்றையும் மூட்டையாகக் கட்டிய சுமைக்காரர்களின் வரிசை அது. ஒவ்வொரு மூட்டையும் தராசுக்குப் போகும். 20 கிலோவைத் தாண்டினால் பொருளை எடுத்துவிட்டுத்தான் மேலே நகர முடியும்.

அந்தத் தராசு வந்து கால் நூற்றாண்டுதான் ஆகிறது. இந்தப் பாதையில் என்ன மாறியிருக்கிறது என்று யாராவது கேட்டால் நான் முதலில் கைகாட்டுவது அதைத்தான்.

பாதைக்கு வயது ஏறக்குறைய அறுநூறு. பச்சகூட்டி என்ற இன்கா மன்னர் 1450 வாக்கில் மச்சு பிச்சுவைக் கட்டினார் என்று நெடுங்காலம் சொல்லிவந்தார்கள். அங்கே கிடைத்த எலும்புகளைக் கார்பன் முறையில் ஆராய்ந்து 2021-இல் வெளியான முடிவு, 1420 வாக்கிலேயே அங்கே மனிதர்கள் வாழ்ந்ததாகச் சொல்கிறது. குஸ்கோவை நடுவாக வைத்து இன்றைய கொலம்பியாவிலிருந்து சிலி, அர்ஜென்டினா வரை விரிந்த கபாக் ஞான் சாலை வலையில் இந்த 43 கிலோமீட்டர் ஒரு சின்னக் கிளை. முழு வலையின் நீளம் 30,000 கிலோமீட்டருக்கும் மேல். 2014-இல் யுனெஸ்கோ அதை ஆறு நாடுகளின் பொதுச் சொத்தாக உலக மரபுப் பட்டியலில் சேர்த்தது.

இவ்வளவு பெரிய சாலையில் இன்கா காலத்தில் சக்கரம் உருண்டதில்லை. குதிரை அந்தக் கண்டத்துக்கே அப்போது வந்து சேரவில்லை. நடக்கும் கால்களுக்காகவே கட்டிய சாலை என்பதால், மலை செங்குத்தானால் சாலையும் படிக்கட்டாகிவிடும். பின்னால் வந்த ஸ்பானியர்களின் குதிரைகள் இந்தப் படிகளில் திணறின. ஒரு படியின் அருகே குனிந்து பார்த்தால் அதைச் செய்தவர்களின் அறிவு தெரியும். கருங்கல்லை மண்ணுக்குள் ஆழமாகப் புதைத்திருக்கிறார்கள். மலைப்பக்கம் ஓரமாக ஒரு கால்வாய் ஓடுகிறது. சில இடங்களில் அது படியின் அடியில் நுழைந்து பள்ளத்தாக்குப் பக்கம் வெளியே வருகிறது. மழைக்காலத்தில் கொட்டும் தண்ணீரைப் பாதையில் நிற்கவிடக் கூடாது என்பதுதான் அவர்களுடைய முதல் கவலை. மச்சு பிச்சுவிலும் இதே கதைதான். கண்ணுக்குத் தெரியும் சுவர்களைவிட, நிலத்துக்கு அடியில் கல்லும் சரளையும் போட்டு அவர்கள் செய்த அடித்தள வேலை அதிகம் என்று அதை ஆராய்ந்த பொறியாளர்கள் சொல்கிறார்கள்.

யார் வேண்டுமானாலும் நடந்த சாலை அல்ல அது. அரசு வேலையாகப் போகிறவர்கள், படை, யாத்திரை போகும் பூசாரிகள், செய்தி கொண்டு ஓடும் சாஸ்கிகள் இவர்களுக்கான சாலை. பாலங்களில் காவல் இருந்தது. சாஸ்கி தன் பங்கு தூரத்தை ஓடி, அடுத்த சாவடியில் காத்திருப்பவனிடம் வாய்ச்செய்தியையும் கீப்பு என்ற முடிச்சுக் கயிற்றையும் ஒப்படைப்பான். இடையிடையே தம்பு என்ற தங்குமிடங்களும் களஞ்சியங்களும் இருந்தன. சாலையைப் பராமரிப்பது அந்தந்த ஊரின் கடமை. மித்தா என்ற முறைப்படி ஒவ்வொரு குடும்பமும் ஆண்டுக்குச் சில நாள் அரசுக்கு உழைப்பைத் தர வேண்டும். பொதிக்கு லாமா இருந்தது. ஒரு லாமா 25, 30 கிலோ சுமக்கும். அதற்கு மேல் ஏற்றினால் படுத்துக்கொள்ளும், அடித்தாலும் எழாது.

மித்தாவின் உயிருள்ள மிச்சம் ஒன்றை இன்றும் பார்க்கலாம். குஸ்கோவுக்குத் தெற்கே அபுரிமாக் ஆற்றின் மேல் கெஸ்வாசாகா என்ற புல் பாலம் தொங்குகிறது. நீளம் 30 மீட்டருக்குச் சற்றுக் குறைவு. ஆணி, கம்பி எதுவும் கிடையாது, முழுக்க மலைப்புல். ஆண்டுதோறும் ஜூனில் கேவே வட்டாரத்தின் நான்கு ஊர்க்காரர்கள் கூடுகிறார்கள். ஒவ்வொரு குடும்பமும் தன் பங்குக்குத் திரித்த கயிற்றோடு வரும். பெண்கள் உள்ளங்கைகளுக்கு நடுவே புல்லை உருட்டி மெல்லிய கயிறாக்குவார்கள். அவற்றை ஒன்றாக முறுக்கி, மறுபடி பின்னி, தொடை அளவு வடமாக்கி இரு கரைகளுக்கும் நடுவே இழுத்துக் கட்டுவது ஆண்களின் வேலை. பூமித்தாய்க்குப் படையல் வைத்த பிறகே வேலை தொடங்கும். பழைய பாலத்தை அறுத்து ஆற்றில் விடுவார்கள். மூன்று நாள் உழைப்பு, நான்காம் நாள் ஆட்டம் பாட்டம். கொரோனாவால் 2020-இல் புதுப்பிக்காமல் விட்டார்கள். 2021 மார்ச்சில் பாலம் அறுந்து விழுந்தது. அதே ஆண்டு ஜூனில் மறுபடி கட்டிவிட்டார்கள். இன்கா அரசு போய் ஐந்நூறு ஆண்டாகியும், யாருடைய உத்தரவும் இல்லாமல் இந்த வேலை நடக்கிறது. பெருவில் இதைவிடப் பெரிய இன்கா சின்னம் இல்லை என்பேன், மச்சு பிச்சுவையும் சேர்த்தே சொல்கிறேன்.

ஸ்பானியர்கள் 1530-களில் குஸ்கோவைப் பிடித்த பிறகு மச்சு பிச்சு வெறிச்சோடிப்போனது. பாதையைக் காடு மூடியது. ஆனால் உலகம் முழுவதும் அதை மறந்துவிட்டது என்று சொல்வது அங்கே வாழ்ந்தவர்களுக்குச் செய்யும் அநியாயம். 1902-இல் அகுஸ்தின் லிசார்ராகா என்ற உள்ளூர்க்காரர் மூன்று சன்னல் கோயிலின் சுவரில் தன் பெயரையும் ஆண்டையும் எழுதிவிட்டுப் போனார். 1911 ஜூலை 24-ஆம் தேதி அமெரிக்கப் பேராசிரியர் ஹைராம் பிங்காம் மலையேறியபோது வழிகாட்டியவர் மெல்சோர் அர்தேயாகா என்ற விவசாயி. அதற்காக அவருக்குக் கிடைத்த கூலி ஒரு வெள்ளி சோல். மேலே இன்கா வயல்படிகளில் இரண்டு குடும்பங்கள் பயிர் செய்துகொண்டிருந்தன. பிங்காமுக்கு இடிபாடுகளைச் சுற்றிக்காட்டியவன் அந்தக் குடும்பங்களில் ஒன்றின் சிறுவன். அடுத்த ஆண்டு தோண்டியெடுத்த பொருட்கள் யேல் பல்கலைக்கழகத்துக்குப் போயின. அவை திரும்பி வர நூறு ஆண்டு ஆனது. இப்போது குஸ்கோவின் காசா கோன்சா அருங்காட்சியகத்தில் இருக்கின்றன.

பாதையின் ஒரு பகுதியை 1915-இல் பிங்காமே தேடிப்போனார். 1940, 41-இல் வந்த பால் ஃபேயோஸ் ஹங்கேரியில் பிறந்த சினிமா இயக்குநர். தொல்லியலில் ஆர்வம் பற்றிக்கொண்டு பெரும்படையாக ஆட்களைத் திரட்டி, பாதையோர ஊர்களைக் காட்டிலிருந்து மீட்டு வரைபடம் எழுதினார். அவற்றில் ஒன்றான வின்யாய் வைனாவின் வயல்படிகள் வெளிச்சத்துக்கு வந்தது அப்போதுதான். வெட்டுக்கத்தி பிடித்தவர்களும் மூட்டை தூக்கியவர்களும் கெச்சுவா பேசும் மலைக்காரர்கள். புத்தகங்களில் முன்னால் நிற்பது பயணத் தலைவர்களின் பெயர்தான்.

1970-களிலிருந்து முதுகுப்பையோடு இளைஞர்கள் வர ஆரம்பித்தார்கள். அனுமதியும் வேண்டாம், வழிகாட்டியும் வேண்டாம். ரயிலிலிருந்து இறங்கி நடக்கலாம், இடிபாடுகளுக்குள்ளேயே கூடாரம் அடிக்கலாம், மரத்தை வெட்டிச் சமைக்கலாம். அந்தக் காலத்தில் நடந்தவர்கள் இன்றும் அதைச் சொர்க்கம் என்று நினைவுகூர்கிறார்கள். அவர்கள் அனுபவித்த தனிமை உண்மையானது. ஆனால் கல்லின் மேல் எரிந்த அடுப்புக்கரியும், முகாம்களைச் சுற்றிக் குவிந்த குப்பையும் மலமும் அதே அளவு உண்மை. ‘ஒளிரும் பாதை’ என்ற ஆயுதக் கிளர்ச்சி இயக்கத்தின் வன்முறையால் 1980-களின் பிற்பகுதியில் கூட்டம் குறைந்தது. 1992-இல் அதன் தலைவர் அபிமாயெல் குஸ்மான் பிடிபட்ட பிறகு மறுபடி வந்த கூட்டம், முன்பைவிடப் பல மடங்கு.

சுமைக்காரர்களின் மிக மோசமான காலம் அதுதான். ஏஜென்சிகள் போட்டி போட்டு விலையைக் குறைத்தன. குறைத்த காசு சுமைக்காரரின் கூலியில் வெட்டாகவும் முதுகில் சுமையாகவும் இறங்கியது. 40 கிலோ, அதற்கும் மேல் என்று தூக்கினார்கள். போர்வையில் மூட்டையைக் கட்டி, முடிச்சை மார்பின் குறுக்கே போட்டு, டயரை அறுத்துச் செய்த செருப்போடு, 4,215 மீட்டர் உயரமுள்ள வார்மிவான்யுஸ்கா கணவாயை ஏறினார்கள். இரவில் பயணிகள் கூடாரத்தில் உறங்க, இவர்கள் பிளாஸ்டிக் தாளுக்கு அடியிலோ பாறை இடுக்கிலோ ஒண்டிக்கொண்டார்கள். மிஞ்சியதே சாப்பாடு. தன்னால் முடியாத சுமையை லாமா மறுத்துவிடும். வீட்டில் பிள்ளைகள் இருக்கும் மனிதனால் அப்படிப் படுத்துக்கொள்ள முடியவில்லை.

2001-இல் விதிகள் கடுமையாயின. வழிகாட்டியோ பதிவு பெற்ற நிறுவனமோ இல்லாமல் யாரும் நடக்க முடியாது. நாளொன்றுக்கு 500 பேர்தான், அதில் வழிகாட்டிகளும் சுமைக்காரர்களும் அடக்கம். கழித்துப் பார்த்தால் பயணிகள் சுமார் 200 பேர். பிப்ரவரி முழுதும் பாதை மூடியிருக்கும், பராமரிப்பு நடக்கும். அதே ஆண்டின் இறுதியில் சுமைக்காரர்களுக்கென்று தனிச் சட்டமும் வந்தது. எடை வரம்பு, குறைந்தபட்சக் கூலி, உணவு, தங்கும் இடம், காப்பீடு எல்லாம் எழுத்தில் ஏறின. சட்டம் வந்ததும் எல்லாம் சரியாகிவிடவில்லை. சாவடி தாண்டியதும் மூட்டை மாற்றும் தந்திரங்கள் இருந்தன, பேசிய கூலியைத் தராத முதலாளிகளும் இருந்தார்கள். ஆனாலும் வழக்குப் பேச ஒரு காகிதம் கையில் இருப்பது பெரிய விஷயம்.

இன்று ஒரு நாள் நடை எப்படிப் போகிறது? விடியலில் கூடார வாசலில் கோக்கா இலைத் தேநீர் வரும். பயணிகள் புறப்பட்ட பிறகு சுமைக்காரர்கள் முகாமைக் கலைத்து, பாத்திரம் கழுவிக் கட்டி, இரண்டு மணி நேரத்தில் பயணிகளை முந்திக்கொண்டு ஓடுவார்கள். மூச்சுவாங்கி நிற்கும் பயணிகள் மலைப்பக்கம் ஒதுங்கி வழிவிடுவார்கள். மதியம் போய்ச் சேரும்போது சாப்பாட்டுக் கூடாரம் எழுந்து நிற்கும், சூப் கொதித்துக்கொண்டிருக்கும். கடைசி இரவு சமையற்காரர் அடுப்புப் பெட்டி எதுவும் இல்லாமல் கேஸ் அடுப்பிலேயே கேக் செய்து கொண்டுவருவார். அதை அந்த உயரத்தில் எப்படிச் செய்கிறார்கள் என்பது எனக்கு இன்னும் வியப்புதான்.

போர்வை முடிச்சு போய், இடுப்புப் பட்டை உள்ள முதுகுப்பை வந்திருக்கிறது. நிறுவனச் சீருடை, சப்பாத்து வந்திருக்கின்றன, டயர் செருப்பும் அங்கங்கே தெரிகிறது. சில ஆண்டுகளாகப் பெண்களும் சுமக்க வருகிறார்கள், அவர்களுக்கு எடை வரம்பு குறைவு. பெண் வழிகாட்டிகள் கூடியிருக்கிறார்கள். ஒரு காலத்தில் நகரத்தில் பேசவே கூசிய கெச்சுவாவை, 1975-இல் அரசு ஆட்சிமொழியாக ஏற்ற அந்த மொழியை, இன்று வழிகாட்டிகள் பெருமையோடு பயணிகளுக்குச் சொல்லித்தருகிறார்கள். கணவாய் உச்சியில் மூன்று கோக்கா இலைகளை விசிறிபோல் சேர்த்துப் பிடித்து மலைத்தெய்வங்களை நோக்கி ஊதும் வழக்கத்தில் பயணிகளையும் சேர்த்துக்கொள்கிறார்கள். சிலர் இதை வெறும் காட்சி என்கிறார்கள். யாரும் பார்க்காதபோதும் சமையற்காரர் சிச்சா என்ற மக்காச்சோள மதுவின் முதல் மிடறை மண்ணில் சிந்திவிட்டுத்தான் குடிப்பார். அதனால் நான் அந்தக் கட்சியில் சேரமாட்டேன்.

மாறாதது ஒன்று என்னை உறுத்துகிறது. நான்காம் நாள் விடியற்காலை மூன்று, மூன்றரைக்கே பயணிகளை எழுப்பிவிடுவார்கள். இன்டி புங்கு என்ற சூரிய வாசலில் சூரிய உதயம் பார்க்கத்தான் என்று பலர் நினைத்துக்கொள்கிறார்கள். சுமைக்காரர்கள் முகாமைக் கட்டிக்கொண்டு மலையிறங்கி, உள்ளூர்க்காரர்களுக்கான அதிகாலை ரயிலைப் பிடித்தாக வேண்டும் என்பது முக்கியமான காரணம். பயணிகள் மச்சு பிச்சுவை நோக்கி ஒரு பக்கம் நடக்க, அவர்களுடைய வீட்டைத் தோளில் சுமந்தவர்கள் இன்னொரு பக்கம் படியிறங்கி ஓடுகிறார்கள். பல ஆண்டு சுமந்தும் மச்சு பிச்சுவுக்குள் கால் வைக்காதவர்கள் உண்டு. சில நிறுவனங்கள் தங்கள் ஆட்களைக் குடும்பத்தோடு அங்கே அழைத்துப்போகின்றன. அதைச் சட்டமே கட்டாயமாக்கியிருக்க வேண்டும்.

மச்சு பிச்சுவுக்குள் கற்களுக்குக் காவல் பலமாகிவிட்டது. 2000-இல் ஒரு பீர் விளம்பரப் படப்பிடிப்பில் கிரேன் சாய்ந்து அங்கிருக்கும் இன்டிவத்தானா என்ற சடங்குக் கல்லின் முனை உடைந்தது. முன்பு தொட்டுப் பார்க்க முடிந்த கல் அது. இப்போது வகுத்த சுற்றுகளில், குறித்த நேரத்தில், ஒரே திசையில்தான் நடக்கலாம்.

பயணம் நின்றுபோன காலங்களும் உண்டு. 2010 ஜனவரியில் வெள்ளம் ரயில் தடத்தை அடித்துப்போனது. 2020-இல் கொரோனா. 2023 தொடக்கத்தில் அரசியல் கலவரத்தால் மச்சு பிச்சுவை மூடினார்கள். ஒவ்வொரு முறையும் சிக்கிய பயணிகள் செய்தியானார்கள். நாள்கூலி போன சுமைக்காரர் உருளைக்கிழங்கு வயலுக்குத் திரும்பினார்.

இன்கா பாதையில் இடம் கிடைக்காதவர்களை இப்போது சோக்கெகிராவோ இழுக்கிறது. அபுரிமாக் பள்ளத்தாக்கில் சுமார் 1,500 மீட்டர் இறங்கி, அதே அளவு மறுபடி ஏறி அடைய வேண்டிய பழைய இன்கா ஊர் அது. வயல்படிச் சுவர்களில் வெள்ளைக்கல் பதித்த லாமா உருவங்கள் அங்கே இருக்கின்றன. பெரும்பகுதி இன்னும் காட்டுக்குள்தான். கூட்டமில்லை, வரம்புமில்லை. கோவேறு கழுதைக்காரர்கள் பொதி ஏற்றி வருகிறார்கள், மரம்பாட்டா ஊர்க்குடும்பங்கள் கூடாரம் போட இடமும் சோறும் தருகின்றன. அங்கே கேபிள் கார் போடும் பேச்சு பல ஆண்டுகளாக நடக்கிறது. வடக்குப் பெருவில் இன்காக்களுக்கும் முந்திய குவேலாப் கோட்டைக்கு 2017-இல் கேபிள் கார் வந்தது. 2022 ஏப்ரலில் மழைநீர் ஊறிக் கோட்டையின் பெருஞ்சுவரில் ஒரு பகுதி சரிந்தது. வண்டி ஓடிக்கொண்டிருந்தது, சுவருக்குள் தேங்கிய தண்ணீரை வெளியேற்றும் வேலை பின்தங்கிவிட்டது. சோக்கெகிராவோவுக்கு முதலில் வடிகாலைச் சீர்செய்யட்டும், நாளுக்கு எத்தனை பேர் என்று வகுக்கட்டும், கழுதைக்காரர்களோடும் மரம்பாட்டாக்காரர்களோடும் உட்கார்ந்து அவர்களுடைய பங்கை எழுதிக் கையெழுத்துப் போடட்டும். கேபிள் கார் வேண்டுமா என்பதை அதற்கப்புறம் பேசலாம்.