சூரியத் தேரும் எரியும் கல்லும்

சிறுகோள்கள் பொதுவாகத் தாமே ஒளிர்வதில்லை. பெரும்பாலும் செவ்வாய்க்கும் வியாழனுக்கும் இடைப்பட்ட குளிர்ந்த வெளியில் சூரியனைச் சுற்றிவரும் இப்பாறைகள், தம்மீது விழும் வெயிலில் ஒரு பங்கைத் திருப்பி அனுப்புவதால் மட்டுமே கண்ணுக்குத் தெரியும் ஒளியில் தொலைநோக்கிக்குப் புலப்படுகின்றன. ஆனால் வானத்துக் கல்லைப் பற்றி மனிதர் புனைந்த கதைகளில் அது பெரும்பாலும் தழலாகவே வருகிறது. அந்தக் கற்பனைக் கல்லுக்கு நெருங்கிய உண்மைப் பொருள் ஒன்றைச் சூரியக் குடும்பத்தில் தேடினால், 1983ஆம் ஆண்டு கண்டறியப்பட்டு, 3200 என்ற வரிசை எண்ணையும் ஃபேத்தான் என்ற கிரேக்கப் பெயரையும் பெற்ற சிறுகோள் முன்னிற்கும்.

ஃபேத்தான், சூரியக் கடவுளான ஹீலியோசுக்கும் கிளைமெனி என்பவளுக்கும் பிறந்தவன். தன் பிறப்பைப் பற்றிய ஏளனத்தைப் பொறுக்காமல் தந்தையிடம் சென்ற அவன், கேட்டதைத் தருவதாக வாக்குப் பெற்றுக்கொண்டு, ஒரு நாள் சூரியத் தேரைத் தானே ஓட்ட வேண்டும் என்றான். தந்தை எவ்வளவோ தடுத்தும் கேட்கவில்லை. வழக்கமான பாரம் இல்லாததை உணர்ந்த குதிரைகள் தடம் மாறி ஓட, தேர் பூமியை நெருங்கியபோது மலைகள் பற்றி எரிந்தன, ஆறுகள் வற்றின, லிபியா பாலைவனமாயிற்று. உலகைக் காக்க வேறு வழியின்றிக் கடவுளரின் தலைவன் இடியை ஏவ, இளைஞன் எரிந்தபடியே எரிடனஸ் ஆற்றில் விழுந்தான். கரையில் நின்று அழுத அவன் சகோதரிகள் பாப்லர் மரங்களாக மாறினார்கள் என்றும், அவர்களது கண்ணீரே அம்பர் ஆயிற்று என்றும் கதை முடிகிறது. ரோமானியக் கவிஞர் ஓவிட், கி.பி. 8ஆம் ஆண்டையொட்டி நிறைவுற்ற ‘மெட்டமார்ஃபசஸ்’ காவியத்தின் இரண்டாம் நூலில் இதை விரிவாகப் பாடியுள்ளார். அம்பர் என்பது தொன்மையான மரங்களின் பிசின் இறுகிக் கல்லானதுதான் என்று அறிவியல் இன்று கூறுவதால், கதையின் அந்தச் சிறு பகுதியில் கூர்ந்த கவனிப்பு ஒன்று பொதிந்திருப்பதை மறுக்க முடியாது.

இக்கதைக்கு இயற்கை சார்ந்த விளக்கம் தேடும் முயற்சியும் பழமையானதே. கி.மு. 4ஆம் நூற்றாண்டில் பிளேட்டோ எழுதிய ‘டிமேயஸ்’ உரையாடலில், எகிப்தியப் பூசாரி ஒருவர் ஏதென்ஸ் அறிஞர் சோலோனிடம், ஃபேத்தான் கதை புராண வடிவில் சொல்லப்பட்டாலும், பூமியைச் சுற்றி வானில் இயங்கும் பொருள்கள் தம் வழியிலிருந்து விலகுவதும் அதனால் நெடுங்கால இடைவெளிகளில் பெருந்தீ மூள்வதுமே அதன் உண்மைப் பொருள் என்கிறார். இதைச் சிறுகோள்களைப் பற்றிய முன்னறிவு என்று கொண்டாடுவது மிகை. எனினும் கடவுளின் கோபத்தை ஒதுக்கிவிட்டுப் பொருள்களின் இயக்கத்தில் காரணம் தேடிய அந்த மனப்பாங்கு போற்றத்தக்கது.

பத்தொன்பதாம் நூற்றாண்டில் இப்பெயர் வேறொரு கற்பனைக்குச் சூட்டப்பட்டது. 1801ஆம் ஆண்டின் முதல் நாளில் இத்தாலியின் பலெர்மோ நகரில் வானியலாளர் பியாட்சி, சீரிஸ் என்ற சிறுகோளைக் கண்டார். மறு ஆண்டே ஜெர்மானியரான ஓல்பர்ஸ் பல்லாஸ் என்ற மற்றொன்றைக் கண்டு, இவை உடைந்துபோன ஒரே கோளின் துண்டுகளாக இருக்கலாம் என்றார். 1823இல் ராட்லோஃப் என்ற ஜெர்மானிய எழுத்தாளர் அந்த அழிந்த கோளுக்கு ஃபேத்தான் என்று பெயரிட்டு, புராணத்தையே அதன் அழிவுக்குச் சான்றாக்கினார். கருத்து கவர்ச்சியானது, ஆனால் கணக்கு அதற்கு இடம் தரவில்லை. சிறுகோள் பட்டையில் உள்ள அனைத்தையும் ஒன்றுசேர்த்தாலும் நம் நிலவின் நிறையில் ஏறத்தாழ 3 விழுக்காடுதான் தேறும். அங்கே கோள் எதுவும் உடையவில்லை. வியாழனின் ஈர்ப்புக் குலைத்ததால் கோள் ஒன்று உருவாகவே முடியவில்லை என்பதே இன்றைய முடிவு.

1983 அக்டோபரில், வெப்பக் கதிர்களான அகச்சிவப்பு ஒளியில் வானை ஆராய்ந்துகொண்டிருந்த ஐராஸ் என்ற செயற்கைக்கோளின் படங்களில் சைமன் கிரீன், ஜான் டேவிஸ் ஆகிய இருவரும் விரைந்து நகரும் புள்ளி ஒன்றைக் கண்டனர். அதுவே இன்று ஃபேத்தான் எனப்படும் சிறுகோள்; விண்கலத்தின் வழியாகக் கண்டறியப்பட்ட முதல் சிறுகோளும் அதுவே. ஐந்து அல்லது ஆறு கிலோமீட்டர் குறுக்களவு கொண்ட அது, செவ்வாய்க்கும் அப்பால் சென்று திரும்பி, ஏறத்தாழ 524 நாள்களுக்கு ஒருமுறை சூரியனை 2.1 கோடி கிலோமீட்டர் தொலைவுக்கு நெருங்குகிறது. சூரியனுக்கு மிக அருகிலுள்ள கோளான புதன்கூட 4.6 கோடி கிலோமீட்டருக்கு உள்ளே வருவதில்லை என்பதை நினைத்தால், தந்தையின் தேரேறி வெந்தவனின் பெயர் இதற்கு ஏன் பொருந்திற்று என்பது விளங்கும்.

அந்த அண்மைநிலையில் பூமியில் நாம் பெறுவதைப் போல் ஏறத்தாழ 50 மடங்கு வெயில் அதன்மீது விழுவதால், மேற்பரப்பு 700 டிகிரி செல்சியஸுக்கு மேல் சூடாகிறது. திடப்பொருள் எதுவாயினும் 525 டிகிரியைத் தாண்டும்போது கண்ணுக்குத் தெரியும் மங்கிய செந்நிறத்தில் தானே ஒளிரத் தொடங்கும் என்பது இயற்பியல் விதி. ஆகவே சூரியனை நெருங்கும் சில நாள்களில் ஃபேத்தான் சொற்பொருளிலேயே தணல். எதிரொளிக்கும் வெயிலின் பெருக்கில் அந்தச் செம்மை மறைந்துவிடுகிறது என்றாலும், கற்பனை நெடுங்காலம் வேண்டிநின்ற ஒளிரும் சிறுகோள் இயற்கையில் இருக்கத்தான் செய்கிறது.

2009இல் அது சூரியனை நெருங்கியபோது ஸ்டீரியோ விண்கலம் எடுத்த படங்களில் எதிர்பாராத வகையில் பிரகாசம் கூடியதையும், பின்னர் வால் போன்ற சிறு நீட்சி தோன்றியதையும் டேவிட் ஜூவிட்டும் ஜிங் லியும் கண்டறிந்தனர். வால் என்பது வால்வெள்ளிகளுக்கு உரியது. அவற்றில் உறைந்துள்ள பனி வெப்பத்தில் ஆவியாகித் தூசியையும் உடன் இழுத்து வருவதால் உண்டாவது. இவ்வளவு வெந்த பாறையில் பனி எஞ்சியிருக்க வழியில்லை என்பதால், வெப்பத்தில் விரிந்து சுருங்கும் மேற்பரப்பு வெடித்துத் தூசி உதிர்கிறது என்று முதலில் கருதப்பட்டது. 2023இல் சோஹோ விண்கலத்தின் பதிவுகளை ஆராய்ந்த சிச்செங் ஜாங் முதலியோர் அந்தக் கருத்தை மாற்றினர். சோடியத்தின் ஒளியை அனுமதிக்கும் வடிகட்டியில் வால் பளிச்சென்று தெரிந்தது; தூசியைக் காட்ட வேண்டிய வடிகட்டியில் தெரியவில்லை. அதாவது பாறையிலுள்ள சோடியமே ஆவியாகி, சாலையோரச் சோடிய விளக்குகள் தரும் அதே மஞ்சள் ஒளியை உமிழ்கிறது.

இந்தக் கண்டுபிடிப்பு ஒரு புதிரைத் தீர்த்து, மற்றொன்றைக் கூர்மையாக்கியது. ஃபேத்தான் கண்டறியப்பட்ட சிறிது காலத்திலேயே, அதன் பாதையும் ஆண்டுதோறும் டிசம்பர் 13, 14 தேதிகளில் உச்சமடையும் ஜெமினிட் எரிமீன் பொழிவின் பாதையும் ஒன்றே என்று ஃபிரெட் விப்பிள் சுட்டிக்காட்டியிருந்தார். ஏனைய பெரும் பொழிவுகள் பலவற்றுக்கும் வால்வெள்ளிகளே தாயாக இருக்க, இதற்கோ ஒரு பாறை தாயாயிற்று. கார்த்திகை மாதக் கடைசியில், நிலவொளி இல்லாதபோது, நள்ளிரவுக்குப் பின் புனர்பூச நட்சத்திரங்கள் உச்சிக்கு வரும் நேரத்தில் ஊர் வெளிச்சம் படாத இடத்திலிருந்து பார்ப்போருக்குத் தமிழகத்திலும் ஈழத்திலும் தெரியும் அந்த எரிமீன்கள், நொடிக்கு 35 கிலோமீட்டர் வேகத்தில் நம் காற்றில் உரசி எரியும் ஃபேத்தானின் துகள்களே. ஆனால் இன்று அது உதிர்ப்பது பெரும்பாலும் சோடியம் என்றால், இத்தனை துகள்கள் எப்போது, எதனால் பிரிந்தன? சில ஆயிரம் ஆண்டுகளுக்குள் நிகழ்ந்த திடீர் உடைவு ஒன்றே காரணம் என்ற கருத்து வலுப்பெற்று வருகிறது. 3.6 மணி நேரத்துக்கு ஒருமுறை தன்னைத்தானே சுற்றும் அதன் வேகமும் அந்த உடைவில் பங்கேற்றிருக்கக்கூடும்.

அதன் அருகே பறந்து சென்று மேற்பரப்பைப் படமெடுக்கவும், சுற்றியுள்ள தூசியை ஆராயவும் ஜப்பானிய விண்வெளி முகமை ‘டெஸ்டினி பிளஸ்’ என்ற ஆய்வுக்கலத்தைத் திட்டமிட்டுள்ளது. 2017 டிசம்பரில் ஏறத்தாழ ஒரு கோடி கிலோமீட்டர் தொலைவில் நம்மைக் கடந்துபோன ஃபேத்தான், 2093 டிசம்பர் 14 அன்று 30 லட்சம் கிலோமீட்டர் தொலைவுக்கு வரும். அது நிலவின் தொலைவைப் போல் ஏறத்தாழ எட்டு மடங்கு, மோதலுக்கு இடமில்லை.