சதுப்பில் எரியும் விளக்குகள்

ஜே.ஆர்.ஆர். டோல்கீன் எழுதிய 'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' நாவலில் மரணச் சதுப்பு என்றொரு நிலம் வருகிறது. நாயகன் ஃப்ரோடோவும் அவன் தோழன் சாமும் கோல்லம் என்பவன் வழிகாட்ட அதைக் கடக்கிறார்கள். இருட்டியதும் சுற்றிலும் மங்கலான சுடர்கள் முளைக்கின்றன. ஏற்றியவர் யாருமில்லை. அவற்றைப் பார்க்காதே என்று கோல்லம் எச்சரிக்கிறான். ஆனாலும் ஃப்ரோடோவின் கண் அங்கேயே போகிறது. தண்ணீருக்கடியில் முகங்கள்! பழைய போரில் மடிந்த மனிதர்கள், எல்ஃப்கள், ஆர்க்குகள். அவர்களின் கல்லறைகளைச் சதுப்பு விழுங்கிவிட்டிருக்கிறது. அந்த நாவலில் இதைவிட மனதைக் கலங்கடிக்கும் பக்கங்கள் குறைவு.

இது வெறும் கற்பனையுமல்ல. 1916இல் பிரான்சின் சோம் போர்க்களத்தில் டோல்கீன் இளம் அதிகாரியாக இருந்தார். குண்டுக்குழிகளில் தேங்கிய நீரும் அதில் கிடந்த உடல்களும் அங்கே அன்றாடக் காட்சி. மரணச் சதுப்பு அந்த நிலத்துக்கு ஓரளவு கடன்பட்டது என்று பின்னாளில் ஒரு கடிதத்தில் அவரே எழுதினார்.

சரி, அந்தச் சுடர்கள்? ஐரோப்பியச் சதுப்புகளில் அப்படிப்பட்ட வெளிச்சத்தைப் பார்த்ததாக மக்கள் நெடுங்காலமாகச் சொல்லி வந்திருக்கிறார்கள். நம் ஊரில் அதுதான் கொள்ளிவாய்ப் பிசாசு. நீருக்கடியில் காற்றுப் படாமல் மட்கும் தாவரங்களிலிருந்து மீத்தேன் வாயு கிளம்புகிறது. 1776இல் இத்தாலியின் மஜ்ஜோரே ஏரியில் இயற்பியலாளர் வோல்டா அதைச் சேகரித்து, எரியக்கூடியது என்று காட்டினார். அதைப் பற்றவைப்பது எது என்பதில்தான் இழுபறி. பாஸ்பரஸ் கலந்த வாயுக்கள் என்பது பழைய விளக்கம். நீரில் எழும் நுண்குமிழிகளுக்கிடையே தெறிக்கும் மிகச்சிறு மின்பொறிகளும் காரணமாகலாம் என்று 2025இல் வெளியான ஓர் ஆய்வு கூறுகிறது.