ஆகாயப் படைத் தளபதிகள் உருவாவது எப்படி?

சுங்கைப் பட்டாணி வட்டாரத்துச் சிடாம் கிரியில் வாழ்வோருக்குப் போர் விமானத்தின் ஓசை புதியதன்று. பட்டர்வொர்த் தளத்திலிருந்து எழும் விமானங்கள் சில காலைப் பொழுதுகளில் இப்பக்கம் திரும்புவதுண்டு. செம்பனைக் குலை வெட்டுவோர் நீண்ட கம்பை ஊன்றிக்கொண்டு நிமிர்ந்து பார்ப்பர். பள்ளிக்குச் செல்லும் பிள்ளைகள் விரல் நீட்டிக் காட்டுவர். மறுநொடியில் ஓசை இருக்கும், விமானம் இராது.

அண்மையில் அங்கு நடைபெற்ற தகவல் விளக்கக் கூட்டமொன்றின் முடிவில், படிவம் மூன்றில் பயிலும் மாணவி ஒருத்தி எழுந்தாள். "ஐயா, அந்த விமானங்களுக்கெல்லாம் தலைவராக இருப்பவர் எங்கே படித்தார்?" என்று கேட்டாள். கூட்டத்தில் சிலர் சிரித்தனர். எனக்குச் சிரிப்பு வரவில்லை. பழைய நினைவொன்று வந்தது.

ஆசிரியப் பயிற்சி முடித்து, ஒரு தோட்டப் பள்ளியில் நான் பணியேற்ற முதலாண்டு அது. 'எனது எதிர்கால ஆசை' என்னும் கட்டுரையில் ஒரு மாணவன், தான் ஆகாயப் படைத் தளபதியாகப் போவதாக எழுதியிருந்தான். எழுத்துப் பிழைகளைத் திருத்திய நான், ஓரத்தில் 'எட்டக்கூடியதை எழுது' என்று சிவப்பு மையால் குறித்தேன். அடுத்த தவணையில் அதே தலைப்புக்கு அவன், லோரி ஓட்டுநராக விரும்புவதாக எழுதினான். பிழையே இல்லை, நல்ல புள்ளி கொடுத்தேன். லோரி ஓட்டுவது நேர்மையான தொழில்தான். ஆயினும், தளபதியாவதற்குரிய வழி எதுவென அன்று எனக்கே தெரியாது. எனக்குத் தெரியாததை அவனுக்கு எட்டாதது என்று தீர்ப்பளித்துவிட்டேன். அந்த மாணவிக்குக் கூறிய விடையை இங்கே சற்று விரிவாக எழுதுவது, அந்தத் தவற்றுக்கு ஒரு சிறு பரிகாரமாகும்.

கெடா வானில் ஒரு தலைவன்

தலைமை என்பது யாதென அறிய, நாம் வெகுதூரம் செல்ல வேண்டியதில்லை. நம் மாநிலத்தின் வானிலேயே அதற்கு ஒரு சான்று உண்டு.

1941 டிசம்பர் 8ஆம் நாள் ஜப்பானியப் படைகள் மலாயாவிலும் தென் தாய்லாந்திலும் இறங்கின. அலோர் ஸ்டார், சுங்கைப் பட்டாணி விமானத் தளங்கள் குண்டு வீச்சுக்கு இலக்காயின. மறுநாள், தாய்லாந்தின் சிங்கோராவில் எதிரிகள் கைப்பற்றியிருந்த தளத்தைத் தாக்குமாறு பட்டர்வொர்த்திலிருந்த பிரிட்டிஷ் விமானப் பிரிவுக்குக் கட்டளை பிறந்தது. ஸ்குவாட்ரன் லீடர் ஆர்தர் ஸ்கார்ஃப் என்பவர் முதலாவதாக வானில் ஏறினார். அவர் ஏறிய சற்று நேரத்தில் எதிரி விமானங்கள் வந்து, புறப்படக் காத்திருந்த மற்ற விமானங்களைத் தரையிலேயே அழித்தன.

தனியே எஞ்சிய ஸ்கார்ஃப் திரும்பியிருந்தால் எவரும் குறை கூறியிரார். எனினும் அவர் தம் விமானத்திலிருந்த இரு துணைவர்களுடன் எல்லையைக் கடந்து சென்று, இலக்கைத் தாக்கினார். திரும்பும் வழியில் எதிரி விமானங்கள் சூழ்ந்துகொண்டன. இடது கை சிதைந்து, முதுகிலும் காயமுற்ற நிலையில், துணைவர்கள் அவரைத் தாங்கிப் பிடித்திருக்க, விமானத்தை அலோர் ஸ்டார் வரை கொண்டுவந்து இறக்கினார். துணைவர் இருவரும் காயமின்றித் தப்பினர். அலோர் ஸ்டார் மருத்துவமனையில் அன்றே ஸ்கார்ஃப் உயிர் நீத்தார். அவருடைய மனைவி அம்மருத்துவமனையில் தாதியாகப் பணிபுரிந்தவர். போர் முடிந்த பின்னரே இச்செய்தி முழுமையாக வெளிவந்தது. 1946இல் அவருக்கு விக்டோரியா சிலுவை என்னும் உயரிய வீர விருது அளிக்கப்பட்டது. அவரது கல்லறை இன்றும் தைப்பிங் போர்க் கல்லறைத் தோட்டத்தில் உள்ளது.

இந்நிகழ்ச்சியில் நாம் கற்க வேண்டிய பாடங்கள் இரண்டு. தன்னை நம்பியவர்களை உயிருடன் தரையிறக்கும் வரை பொறுப்பை விடாதவனே தலைவன் என்பது முதற் பாடம். இரண்டாவது பாடம் சற்றுக் கசப்பானது. மற்ற விமானங்கள் தரையிலேயே அழிந்ததற்கு விமானிகளின் துணிவின்மை காரணமன்று. போதிய போர் விமானங்களும், எதிரியின் வருகையை முன்கூட்டி உணர்த்தும் தக்க ஏற்பாடும் வடமலாயாவில் இல்லாமற் போனதே காரணம். அவற்றை ஏற்பாடு செய்திருக்க வேண்டியவர்கள் விமானம் ஓட்டுபவர்களல்லர். மேலிடத்தில் அமர்ந்து திட்டமிடுபவர்கள். ஆகவே, உயர் அதிகாரியின் வீரம் அவரது முன்யோசனையில் இருக்கிறது. அவர் இன்று மறந்த ஒன்றுக்கு, நாளை இளைஞர் ஒருவர் உயிரால் விலை கொடுக்க நேரிடும்.

நம் நாட்டின் ஆகாயப் படை

நாடு விடுதலை பெற்ற மறு ஆண்டு, 1958 ஜூன் மாதத்தில் நமது ஆகாயப் படை தோற்றுவிக்கப்பட்டது. அதன் முதல் தளபதி ஏ.வி.ஆர். ஜான்ஸ்டன் என்னும் பிரிட்டிஷ் அதிகாரி. படையின் முதல் விமானமான இரட்டை எந்திர 'ட்வின் பயனியர்' அதே ஆண்டில் வந்து சேர்ந்தது. கெடாவில் பிறந்த நம் முதற் பிரதமர் துங்கு அப்துல் ரஹ்மான், அதற்கு 'லாங் ராஜாவாலி' எனப் பெயர் சூட்டினார்.

தொடக்க ஆண்டுகளில் பிரிட்டிஷ் அதிகாரிகளே தளபதிகளாக இருந்தனர். விமானம் வாங்கப் பணம் போதும்; ஆனால் தளபதியை விலைக்கு வாங்க இயலாது. அவரை வளர்த்தெடுக்க ஆண்டுகள் பல வேண்டும். 1967இல் அக்காலம் கனிந்தது. இங்கிலாந்தின் கிரான்வெல் ஆகாயப் படைக் கல்லூரியில் பயின்ற சுலைமான் சுஜாக், மலேசியர்களுள் முதல் ஆகாயப் படைத் தளபதியாகப் பொறுப்பேற்றார். அப்போது அவர் முப்பதுகளின் தொடக்கத்தில் இருந்தார். 1976 வரை அப்பொறுப்பை வகித்தார். அக்காலப் பகுதியில் 'தெபுவான்' ஜெட் விமானங்களும், 1968இல் 'நூரி' ஹெலிகாப்டர்களும், 1969இல் ஆஸ்திரேலியா வழங்கிய 'சேபர்' போர் விமானங்களும், 1975இல் 'எஃப்-5' போர் விமானங்களும் படையில் சேர்ந்தன. புதிய விமானம் ஒவ்வொன்றும் வரும்போது அதனை ஓட்டுவோர், பழுது பார்ப்போர், உதிரிப் பாகங்களைக் காப்போர், வழிகாட்டுவோர் என அனைவரையும் ஆயத்தப்படுத்த வேண்டும். அந்த ஆயத்தமே ஒரு தளபதியின் அன்றாடக் கடமை. அவர் காலத்தில் வந்த நூரி ஹெலிகாப்டர்கள், அரை நூற்றாண்டுக்கு மேல் நம் நாட்டில் உழைத்தன என்பதை எண்ணிப் பார்க்க வேண்டும்.

சுலைமான் சுஜாக் பொறுப்பேற்ற அதே 1967இல், அரச மலேசியக் கடற்படையின் முதல் மலேசியத் தளபதியாக அமர்ந்தவர் ஒரு தமிழர். கே. தனபாலசிங்கம் என்னும் அவருக்கு அப்போது வயது 31. கோலாலம்பூரில் விக்டோரியா கல்விக்கூடத்தில் பயின்று, பின்னர் இங்கிலாந்தின் டார்ட்மத் கடற்படைக் கல்லூரியில் பயிற்சி பெற்றவர். வானமோ கடலோ, 'இது நமக்குரியதன்று' என்று கூறுவோருக்கு இவர் வாழ்க்கையே விடையாகும்.

படிப்படியான ஏற்றம்

அதிகாரியாகச் சேரும் இளைஞர், பயிற்சிக்குப் பின் லெப்டினன் மூடா என்னும் முதற் படியில் நிற்பார். அதன் பின் லெப்டினன், கேப்டன், மேஜர், லெப்டினன் கர்னல், கர்னல் என ஏற்றம் தொடரும். பிரிகேடியர் ஜெனரல், மேஜர் ஜெனரல், லெப்டினன் ஜெனரல், ஜெனரல் என்பவை மேல் நிலைகள். ஆகாயப் படைத் தளபதி இன்று ஜெனரல் நிலையில் இருக்கிறார். முற்காலத்தில் பிரிட்டிஷ் முறைப்படி ஏர் வைஸ் மார்ஷல் போன்ற பெயர்கள் வழங்கின. பழைய செய்திகளைப் படிப்போர் இவ்வேறுபாட்டை அறிந்திருத்தல் நலம்.

படி உயர உயர வேலையின் இயல்பு மாறுகிறது. கேப்டன் தம் விமானத்தைக் கவனிப்பார். ஸ்குவாட்ரனுக்குத் தலைமையேற்கும் அதிகாரி, பல விமானங்களையும் அவற்றை ஓட்டுவோரையும் பழுது பார்ப்போரையும் ஒருங்கே கவனிப்பார். தளத்தின் தலைவரோ ஓடுபாதை, எரிபொருள், மருத்துவமனை, குடியிருப்பு, பாதுகாப்பு ஆகிய அனைத்துக்கும் பொறுப்பாவார். இடையில் அவர் மீண்டும் மாணவராகிப் படைத்துறைப் பணியாளர் கல்லூரியில் பயில வேண்டும். தேர்வு எழுத வேண்டும். ஜெனரல் நிலையை அடைவதற்குள் பல ஆண்டுகள் கடந்துவிடும். எல்லாரும் உச்சியை அடைவதில்லை. ஆனால், ஒவ்வொரு படியிலும் நாட்டுக்கு ஒரு பயன் உண்டு.

நீண்ட காலமாக, நாட்டின் ஆயுதப் படைகள் அனைத்துக்கும் தலைவராகும் பதவி தரைப்படையினரிடமே பெரும்பாலும் இருந்தது. 2009இல் ஜெனரல் அசிசான் அரிஃபின், ஆகாயப் படையிலிருந்து அப்பதவிக்கு வந்த முதல்வரானார். 2020இல் ஜெனரல் அஃபெண்டி புவாங்கும் ஆகாயப் படையிலிருந்தே அப்பதவியை ஏற்றார். விமானிக்குரிய படிப்பும் கட்டுப்பாடும் முப்படைகளையும் நடத்த உதவும் என்பதற்கு இது சான்றாகும்.

பறவாதவரும் தலைவராகலாம்

ஆகாயப் படை என்றதும் விமானியை மட்டுமே நினைப்பது நம்மிடையே உள்ள தவறான எண்ணம். பொறியாளர், மருத்துவர், ரேடார் பொறுப்பாளர், வானிலை வல்லுநர், கணக்காளர் எனப் பலர் இல்லாமல் ஒரு விமானமும் எழாது.

இந்திய ஆகாயப் படையின் டாக்டர் பத்மா பந்தோபாத்யாய் இதற்குச் சிறந்த எடுத்துக்காட்டு. அவர் 1944இல் திருப்பதியில் ஒரு தமிழ்க் குடும்பத்தில் பிறந்து, டில்லியில் வளர்ந்தவர். தாயாரின் நோயை இளமையிலேயே அருகிருந்து கண்டதால், மருத்துவம் பயிலும் எண்ணம் கொண்டார். புனேயிலுள்ள ஆயுதப் படைகள் மருத்துவக் கல்லூரியில் பயின்று, 1968இல் ஆகாயப் படையில் சேர்ந்தார். உயர வானில் பறப்போரின் உடல்நலத்தை ஆராயும் வான்வெளி மருத்துவத்தில் தேர்ச்சி பெற்றார். நீலகிரியில் வெலிங்டனிலுள்ள படைத்துறைப் பணியாளர் கல்லூரிப் பயிற்சியையும் முடித்தார். இறுதியில் அப்படையின் முதல் பெண் ஏர் மார்ஷலாக உயர்ந்தார். நோயாளித் தாயின் படுக்கையருகே தொடங்கிய பாதை அவரை அவ்வுயரத்துக்குக் கொண்டு சென்றது.

நம் பிள்ளைகள் செய்ய வேண்டியவை

நம் ஆகாயப் படையின் விமானப் பயிற்சிக்குப் பெயர் பெற்ற இடம், கெடாவில் அலோர் ஸ்டார் அருகேயுள்ள கெப்பாலா பத்தாஸ். பட்டர்வொர்த் தளமோ சிடாம் கிரியிலிருந்து தொலைவில் இல்லை. 1988இல் ஆஸ்திரேலியரிடமிருந்து நம் படையின் கைக்கு வந்த தளம் அது. தூரம் இங்குத் தடையன்று. தகவல் அறியாமையே தடை.

முதலாவதாக, கணிதம், அறிவியல், தேசிய மொழி, ஆங்கிலம் ஆகியவற்றைப் படிவம் ஒன்றிலிருந்தே உறுதியாகப் பயில வேண்டும். எஸ்.பி.எம். தேர்வு நெருங்கும்போது விழித்தெழுந்தால் பயனில்லை. இரண்டாவதாக, கண்பார்வையையும் நிறங்களை வேறுபடுத்திக் காணும் ஆற்றலையும் முன்னதாகவே சோதித்துக்கொள்வது நலம். விமானிப் பணிக்குத் தகுதி இல்லையெனினும் பிற பிரிவுகள் உள்ளன. மூன்றாவதாக, பள்ளியின் சீருடை இயக்கங்களில் ஆர்வத்துடன் ஈடுபட வேண்டும். பிறரை வழிநடத்தும் பழக்கம் அங்கிருந்தே தொடங்குகிறது. சுங்கை பெசியிலுள்ள அரச இராணுவக் கல்லூரி, தேசியத் தற்காப்புப் பல்கலைக்கழகம் ஆகியவற்றின் சேர்க்கை விவரங்களையும், படையின் ஆள்சேர்ப்பு அறிவிப்புகளையும் உரிய காலத்தில் கேட்டறிய வேண்டும். வயது வரம்பு கடந்தபின் வருந்துவோர் பலரை நான் கண்டிருக்கிறேன்.

பெற்றோருக்கும் ஒரு சொல். படைத்துறை ஆபத்தானது என்னும் உங்கள் அச்சம் இயல்பானது. அதனை நான் மறைக்கப் போவதில்லை. ஸ்கார்ஃபின் கதையே அதனைக் காட்டுகிறது. ஆயினும், அச்சத்தால் தடுப்பது வேறு. அறியாமையால் தடுப்பது வேறு. முழு விவரத்தையும் அறிந்த பின் பிள்ளையுடன் அமர்ந்து பேசி முடிவு செய்யுங்கள்.

அன்று அந்த மாணவிக்கு நான் கூறிய விடை சுருக்கமானது: "அம்மா, அவர்களும் உன்னைப் போல் ஒரு பள்ளியில்தான் தொடங்கினார்கள். கணிதப் பாடத்தில் உன் புள்ளி எவ்வளவு?" அவள் சற்றுத் தயங்கி, "நாற்பத்தெட்டு" என்றாள். அருகில் நின்ற தந்தையார், "அடுத்த தவணையில் கூடும், ஐயா" என்று அவளுக்காக விடையளித்தார். இம்முறை சிவப்பு மை என் கையில் இல்லை. கூடும் என்றே நானும் நம்புகிறேன்.