பிலோமெலாவின் ஆடை: நெய்த குறியும் மொழிபெயர்ப்புச் சிக்கலும்

முன்னுரை

நாவிழந்தவரின் செய்தியை ஆடையொன்று தாங்கி நின்று உரியவரிடம் உரைக்கும் என்னும் கற்பனை கிரேக்கத் தொன்மத்தில் பிலோமெலாவின் கதையாக வடிவம் பெற்றுள்ளது. அவ்வாடையில் நெய்யப்பட்டவை எழுத்துகளா, ஓவியங்களா என்பது நெடுங்கால வினா. மூலநூல்களின் சொல்லாட்சியையும் அதனைத் தமிழில் பெயர்ப்பதற்குள்ள வழியையும் இக்கட்டுரை ஆராய்கிறது.

கதையும் சான்றுகளும்

ஏதென்சு மன்னன் பாண்டியோனுக்குப் புரோக்னே, பிலோமெலா என இரு மகளிர். புரோக்னேயை மணந்த திரேசு நாட்டு மன்னன் தெரேயஸ், அவள் தங்கையை வன்புணர்ந்து, செய்தி வெளிப்படாதிருக்க நாவை அறுத்துச் சிறையிடுகிறான். அவள் இறந்துவிட்டாள் என்று மனைவியிடம் கூறுகிறான். பிலோமெலா நடந்ததைத் தறியில் நெய்து தமக்கைக்கு அனுப்புகிறாள். பழிவாங்கலுக்குப்பின் மூவரும் பறவைகளாகின்றனர்.

சோபாக்ளீஸ் இயற்றிய 'தெரேயஸ்' நாடகம் முழுமையாகக் கிடைக்கவில்லை. அரிஸ்டாட்டில் தம் கவிதையியலின் 16ஆம் இயலில், உண்மை அறியப்படும் முறைகளை வகுக்குமிடத்து, நெசவுக் கருவிக்குக் குரல் உண்டாகும் அந்நாடகப் பகுதியைச் சுட்டுகிறார். அப்பல்லோடோரஸ் பெயரால் வழங்கும் தொன்மத் தொகுப்பு, ஆடையில் 'கிராம்மாட்டா' நெய்யப்பட்டதாகக் கூறுகிறது. கி.பி. 8ஆம் ஆண்டளவில் முற்றுப்பெற்ற 'உருமாற்றங்கள்' என்னும் நூலின் 6ஆம் பகுதியில், வெண்ணூலின் இடையே செந்நீல 'நோட்டா'க்கள் அமைந்தன என்கிறார் ஓவிட்.

சொல்லும் பொருளும்

கிராம்மாட்டா என்பது பெரும்பாலும் எழுத்துகளையே குறிக்கும். எனினும் அதன் வேரான 'கிராஃபெயின்' என்னும் வினை கீறுதல், வரைதல், எழுதுதல் ஆகிய மூன்றுக்கும் பொது. இலத்தீன் 'நோட்டா' இன்னும் விரிந்தது. அடையாளம், எழுத்து, சுருக்கெழுத்துக் குறி, அடிமையின் உடலில் இடப்பட்ட சூடு என அதன் பொருள் பரவும். புரோக்னே ஆடையில் 'படித்தது' யாது என்னுமிடத்தில் பல பதிப்புகள் 'கார்மென்' என்று பாடங்கொள்கின்றன. வேறு பாடம் கொள்வாரும் உளர். கார்மென் என்பது பாடலையும் மந்திரத்தையும் ஒருங்கே குறிக்கும் சொல்லாதலின், ஆடை வெறும் செய்தித்தாளாகாமல் ஆற்றலுடைய பொருளாகிறது.

இவ்வேறுபாடு சொல்லளவில் நின்றுவிடுவதன்று. ஓவியமெனக் கொண்டால் எழுத்தறியாதவரும் அச்சான்றை உணரலாம். எழுத்தெனக் கொண்டால் படிக்கத் தெரிந்தவருக்கே அது திறக்கும். ஆடையைச் சுமந்து சென்ற பணிப்பெண் அதில் உள்ளது யாதென அறியாள் என்கிறார் ஓவிட். இக்குறிப்பு எழுத்து என்னும் கருத்துக்குத் துணைசெய்வது போலத் தோன்றினும், ஆடை மடித்துக் கொடுக்கப்பட்டிருக்கலாம் ஆதலின் முடிந்த சான்றாகாது. 14ஆம் நூற்றாண்டின் ஆங்கிலக் கவிஞர் சாசர், பிலோமெலாவுக்குப் படிக்கத் தெரியும், எழுதுகோல் பிடிக்கத் தெரியாது, ஆனால் எழுத்துகளை நெய்ய வல்லவள் என்று விளக்கி ஐயத்தை எழுத்தின் பக்கம் தீர்த்துவிடுகிறார்.

தமிழில் பெயர்க்கும் வழி

தமிழ் மொழிபெயர்ப்பாளர் அவ்வாறு தீர்க்க வேண்டுவதில்லை. 'எழுது' என்னும் வினை கிரேக்க வினையைப் போன்றே இருபொருட்டாயது. தொய்யில் எழுதுதல், கண்ணுக்கு மை எழுதுதல், ஓவியம் எழுதுதல் என்பன தமிழ் மரபுகள். மடலேறத் துணிந்த தலைவன் தலைவியின் உருவைக் கிழியில் எழுதி ஏந்துவதும் இங்கு ஒப்புநோக்கத்தக்கது. வாயால் உரைக்கலாகாததைத் துணி ஊரறியச் செய்கிறது.

'நூல்' என்னும் சொல்லும் இழையையும் ஏட்டையும் ஒருங்கே சுட்டும். நன்னூற் பாயிரம் சொல்லைப் பஞ்சாகவும், பனுவலை இழையாகவும், புலவனை நூற்கும் பெண்ணாகவும், அவன் வாயை அவள் கையாகவும், அறிவைக் கதிராகவும் உருவகிக்கிறது. அங்கே வாய் கையின் தொழிலைச் செய்கிறது. பிலோமெலாவின் கதையிலோ கை வாயின் தொழிலைச் செய்கிறது. உருவகமாக இருந்தது நிகழ்ச்சியாகிவிடுகிறது.

எனவே 'எழுத்துகளை நெய்தாள்' என்றோ 'சித்திரங்களை நெய்தாள்' என்றோ வரையறுப்பதினும் 'குறிகளை நெய்தெழுதினாள்' என்பது மூலத்துக்கு நெருங்கியதாகும். இற்றைத் தமிழில் 'எழுது' பெரும்பாலும் எழுத்துக்கே உரியதாகச் சுருங்கியுள்ளமையால், 'குறி' என்னும் சொல்லின் துணை இன்றியமையாதது. புரோக்னேயின் செயலைக் குறிக்குங்கால் 'கண்டாள்' என மாற்றாது 'படித்தாள்' என்றே கொள்ளல் வேண்டும். மூலத்தின் வினை அதுவே.

முடிவுரை

மூலம் திறந்து வைத்த பொருளை மொழிபெயர்ப்பு அடைத்துவிடின், அந்த ஆடை யாரிடம் பேசவல்லது என்பதே மாறிவிடும். நாவறுக்கப்பட்டவள் விட்டுச்சென்ற ஒரே சாட்சியம் அது. அதன் எல்லையைக் குறுக்காமல் பெயர்ப்பதற்கு வேண்டிய சொற்கள் தமிழின் பழைய வழக்கிலேயே உள்ளன.